குரல் சொன்னா நம்பிடுவோமா?

இன்னைக்கு நாம பேசப்போறது பன்னிரண்டே நிமிஷம் ஓடுற ஒரு படம். முதல் தடவை பார்த்தப்போ, அதுல சும்மா நடந்துபோன ஒரு மனுஷரை நான் திருடன்னு நம்பிட்டேன்.

1976. கிழக்கு லண்டனில் டால்ஸ்டன் என்ற பகுதி. கறுப்பு வெள்ளையில் ஒரு சாதாரணத் தெரு: தியேட்டர் வாசல் வரிசை, கார்கள், புறாக்கள். பின்னணியில் டைரக்டர் மாதிரி ஒரு குரல் உத்தரவு போடுது. கார் வரட்டும்னா வருது. சூயிங்கம் மெல்லுற பொண்ணு வரணும்னா வர்றா. பெரிய ஷூட்டிங் போலன்னு நினைச்சேன். அடுத்து கடிகாரத்துக்கும் ஆர்டர்: பெரிய முள் மணிக்கு ஒரு சுற்று சுத்தணுமாம்! அப்பதான் உறைச்சுது. தெரு முதலில் நடந்திருக்கிறது. குரல் பிறகுதான் ஒட்டப்பட்டிருக்கிறது.

படத்தின் பெயர் ‘த கேர்ள் சூயிங் கம்’. எடுத்தவர் ஜான் ஸ்மித், அப்போது லண்டன் ராயல் காலேஜ் ஆஃப் ஆர்ட் மாணவர். 1973-ல் வந்த ஃப்ரான்சுவா த்ரூஃபோவின் ‘டே ஃபார் நைட்’ படத்தில் ஒரு தெருக்காட்சியை ஷூட் பண்ணுவாங்க. யதேச்சையா நடக்குற மாதிரி தெரியும் துணை நடிகர்களுக்கும் டைரக்டரின் உத்தரவு இருக்கும். ஸ்மித் அதைத் தலைகீழாக்கினார். நிஜமாகவே யதேச்சையாக நடந்த தெருவுக்கு அப்புறமா உத்தரவு எழுதினார்.

கொஞ்ச நேரத்தில், தான் 15 மைல் தள்ளி ஒரு வயலில் நின்று பேசுவதாக அந்தக் குரலே ஒத்துக்குது. அதுக்கப்புறமும், ரெயின்கோட் போட்ட ஒருத்தர் போஸ்ட் ஆபீஸைக் கொள்ளையடிச்சுட்டு வர்றார்னு சொல்லுது. எங்கேயோ அலாரம் வேற அடிக்குது. என் கண்ணு நேரா அவர் பாக்கெட்டுக்குப் போச்சு. குரல் பொய் சொல்லும்னு தெரிஞ்சும்!

இது வெறும் விளையாட்டு இல்லைங்க. 2018-ல் இந்தியாவில் வாட்ஸ்அப்பில் சுற்றிய ஒரு வீடியோ ஞாபகம் இருக்கா? பைக்கில் வந்து குழந்தையைத் தூக்கிட்டுப் போவாங்க. உண்மையில் அது கராச்சியில் எடுத்த விழிப்புணர்வுப் படம். கடைசியில் குழந்தையைத் திரும்ப விட்டுடுவாங்க. அந்த முடிவை வெட்டிட்டு, ‘பிள்ளை பிடிக்கிறவங்க’ன்னு சொல்லிப் பரப்பினாங்க. அந்த வருஷம் இப்படிப்பட்ட வதந்திகளை நம்பிய கும்பல்கள் பல மாநிலங்களில் அப்பாவிகளை அடித்துக் கொன்றன. நம்ம திருவண்ணாமலை மாவட்டத்தில் ஒரு மூதாட்டியும் பலியானார்.

ஸ்மித் தன் பொய்யைத் தானே காட்டிக்கொடுத்தார். ஃபார்வர்ட் மெசேஜ் அப்படிச் செய்யாது. அதனால, அடுத்த தடவை ஒரு வீடியோ உங்களைக் கொதிக்க வச்சா, கேப்ஷனை மறைச்சுட்டு, மியூட்ல ஒரு தடவை பாருங்க. அதுல நிஜமா என்ன தெரியுதுன்னு எனக்கும் சொல்லுங்க.