கல்யாணத்துக்கு முன் ஒரு நிபந்தனை



போன ஞாயிறு வடசேரியில் ஒரு கல்யாண வீடு. பந்தியில் என் பக்கத்தில் எனக்குப் பேத்தி முறையாகும் பெண் இருந்தாள். வயது 26, மேல்படிப்பு படிக்கிறாள். இலை எடுக்குமுன் மூன்று பேர் வந்து கேட்டுவிட்டார்கள்: "மக்களே, உனக்கு எப்பம்?" அவள் ஒன்றும் சொல்லாமல் பப்படத்தை நொறுக்கிக்கொண்டிருந்தாள்.

எனக்கு முத்துலட்சுமி ரெட்டி நினைவு வந்தது. 1886-ல் புதுக்கோட்டையில் பிறந்தவர். அப்பா நாராயணசாமி ஐயர் கல்லூரி முதல்வராக இருந்தவர். வயதுக்கு வந்ததும் மகளைப் பள்ளியிலிருந்து நிறுத்தினார்கள். வீட்டிலிருந்தே படித்து 1902-ல் மெட்ரிகுலேஷன் தேறினார். அம்மா சந்திரம்மாளுக்கோ சீக்கிரம் கல்யாணத்தை முடிக்க வேண்டும். அந்த அம்மாவைக் குறை சொல்ல எனக்கு வாய் வரவில்லை. தேவதாசி மரபில் வந்த குடும்பம். மகளாவது ஊர் மதிக்க ஒரு வீட்டில் வாழட்டும் என்று நினைத்திருப்பார்.

மகள் பிடிவாதமாக நின்றார். 1904-ல் பையன்கள் மட்டுமே படித்த மகாராஜா கல்லூரியில் சேரப்போனபோது எதிர்ப்பு. மன்னர் மார்த்தாண்ட பைரவத் தொண்டைமான் சொன்ன பிறகே இடம் கிடைத்தது. 1907-ல் சென்னை மருத்துவக் கல்லூரி, 1912-ல் டாக்டர். 1914-ல், 27 வயதில்தான் டாக்டர் சுந்தர ரெட்டியை மணந்தார். அதுவும் நிபந்தனையோடு: தன்னைச் சமமாக நடத்த வேண்டும், தன் விருப்பத்துக்குக் குறுக்கே நிற்கக் கூடாது. மாப்பிள்ளை ஒத்துக்கொண்டார். (நம் ஊரில் நிபந்தனை போடுவது எந்த வீட்டார், எத்தனை பவுனுக்கு என்பது உங்களுக்கே தெரியும்.)

பிறகு சென்னைச் சட்டசபையில் இருந்துகொண்டு பெண்ணின் திருமண வயதை உயர்த்தப் பேசினார். 1929-ல் வந்த சாரதா சட்டம் 14 வயது என்றது. 1978-ல் அது 18 ஆனது.

இந்த 18-ஐப் பற்றி ஒன்று சொல்ல வேண்டும். நான் வேலைக்குச் சேர்ந்த புதிதில், என்னிடம் எட்டாம் வகுப்பு வரை படித்த ஒரு பிள்ளை, பத்தாவதில் நல்ல மார்க். வயது 16. தாய்மாமனுக்குப் பேசி முடித்துவிட்டார்கள். பத்திரிகை கொடுக்க வந்தபோது அவளும் கூட வந்தாள். "டீச்சர், நீங்க அப்பாகிட்ட ஒரு வார்த்தை சொல்லுங்களேன்" என்றாள், மெதுவாக, கதவுப் பக்கம் நின்று. சட்டம் எனக்குத் தெரியும். குடும்ப விஷயம் என்று பேசாமல் இருந்தேன். கல்யாணத்துக்கும் போனேன், மொய் எழுதினேன், பாயசம் குடித்தேன்.

பந்தி முடிந்ததும் பேத்தியின் அம்மாவைத் தனியே கூப்பிட்டுப் பேசினேன். படிப்பு முடியும்வரை யாரும் கேட்க மாட்டோம் என்றாள்.