இணைகாலங்களும் ஒரு பெயரும்: நல்லூர்ப் புவனேகவாகு

காலம் ஒற்றை ஆறன்று. பல காலத்தொடர்கள் ஒன்றையொன்று அறியாது அருகருகே செல்கின்றன. எப்போதாவது இரண்டு தொடர்கள் ஓரிடத்திற் சிறிது நேரம் தொட்டுப் பின் பிரிகின்றன. இது விஞ்ஞானப் புனைகதையாளர் பெரிதும் விரும்பும் கற்பனைக் கோட்பாடு. 1957இல் இயற்பியலாளர் இயூ எவரெற் பல்லுலகக் கொள்கைக்கு வித்திட்டார். ஆயினும் பிரிந்த கிளைகள் மீண்டும் சந்தித்து உரையாடுவதற்கு அதில் நடைமுறையில் இடமில்லை.

இயற்பியலில் இடம்பெறாத இக்கற்பனை வரலாற்று மாணவனுக்கு முற்றிலும் அந்நியமானதன்று. ஒரே நிலத்தைப் பற்றிய இரு மரபுகள் தத்தம் ஆண்டுக் கணக்கோடு நெடுந்தூரம் தனித்துச் சென்று, ஒரு பெயரிலோ ஒரு நிகழ்ச்சியிலோ மாத்திரம் தொடுவதை அவன் காண்கின்றான். யாழ்ப்பாண வரலாற்றில் இதற்குத் தக்க சான்று புவனேகவாகு என்னும் பெயராகும்.

ஒல்லாந்தர் ஆட்சியில், 1736 அளவில், மாதகல் மயில்வாகனப் புலவர் யாழ்ப்பாண வைபவமாலையை இயற்றினார். அம்மரபின்படி புவனேகவாகு சிங்கையாரியனின் அமைச்சர். நல்லூரில் நகரும் கந்தசுவாமி கோயிலும் அமைத்தவர். அதற்குரிய ஆண்டாகச் சொல்லப்படுவது சகாப்தம் 870, அதாவது கி.பி. 948.

தென்னிலங்கை மரபு வேறொரு வழியிற் செல்கின்றது. கோட்டை மன்னன் ஆறாம் பராக்கிரமபாகுவின் வளர்ப்பு மகனான சப்புமல் குமாரயன் 1450 அளவில் யாழ்ப்பாணத்தைக் கைப்பற்றினான். பின்னர்க் கோட்டையில் ஆறாம் புவனேகபாகு என்னும் பெயரோடு முடிசூடினான். சிங்களத் தூதுநூலாகிய கோகில சந்தேசய அவன் யாழ்ப்பாணத்தில் இருந்தமைக்குச் சான்று பகர்கின்றது.

இவ்விரு தொடர்களுக்கும் இடையே ஏறத்தாழ ஐந்நூறு ஆண்டு இடைவெளி உண்டு. அவற்றைத் தொட வைப்பது நல்லூர்க் கோயிற் கட்டியம். அதில் இன்றும் கூறப்படும் புவனேகவாகுவின் பெயர் சிறீ சங்கபோதி என்ற அடைமொழியோடு வருகின்றது. அவ்வடைமொழியோ சிங்கள அரசர் பூண்ட பட்டப்பெயர்.

இத்தொடர்பை ஆய்வாளர் பலவாறு விளக்கினர். கோயிலை நிறுவியவன் சப்புமல் குமாரயனே என்பர் ஒருசாரார். புவனேகவாகுவை முதல் ஆரியச்சக்கரவர்த்தியின் அமைச்சராகவே கொண்டு, காலத்தை 13ஆம் நூற்றாண்டுக்குக் கொணர்வர் மற்றொரு சாரார். முதலியார் செ. இராசநாயகம் (1926), சுவாமி ஞானப்பிரகாசர் (1928) முதலியோர் வைபவமாலையின் கணக்கைப் பிற சான்றுகளோடு ஒப்புநோக்கும் நெறியைத் தொடக்கினர். கா. இந்திரபாலா (1972), சி. பத்மநாதன் (1978) ஆகியோர் அதனை மேலும் வளர்த்தனர். யாழ்ப்பாண அரசின் எழுச்சியை 13ஆம் நூற்றாண்டில் வைப்பதே இன்று பெரும்பாலோர் துணிபாதலின், 948 என்னும் ஆண்டை அவ்வாறே ஏற்றல் அரிது.

உறுதியான தொடுபுள்ளி எத்தகையது என்பதை வேறொரு நிகழ்ச்சி காட்டும். 1344இல் மொரோக்கோ நாட்டுப் பயணியாகிய இபுனு பதூதா ஆரியச்சக்கரவர்த்தியைச் சந்தித்து, அவர் உதவியோடு சிவனொளிபாத மலைக்குச் சென்றார். வைபவமாலை இவரை அறியாது. இவரும் அம்மரபை அறியார். ஒன்றையொன்று சாராத இரு சான்றுகள் ஓர் அரசமரபிற் கூடுவதனாலேயே அதன் வலிமை பெரிது. புவனேகவாகு விடயத்தில் நமக்குக் கிடைப்பது பெயரொற்றுமை. அஃது ஆள் ஒற்றுமையை ஐயத்திற்கிடமின்றி நிறுவாது.

இவ்வேறுபாட்டை மறந்தமையால் விளைந்த தீங்கு சிறிதன்று. நல்லூரைக் கட்டியவர் தமிழரா, சிங்களவரா என்ற வினா, நம் காலத்தில் நிலவுரிமை வாதமாகவே மாறிற்று. சப்புமல் குமாரயனைத் தமிழ் மரபு செண்பகப் பெருமாள் என அழைப்பதும், அவன் தந்தை இந்தியாவிலிருந்து வந்தவரெனப் போர்த்துக்கேய ஆசிரியர் கூத்தோ எழுதியிருப்பதும் அவ்வினாவின் எளிமையையே குலைக்கின்றன.

தொடுபுள்ளிகள் நிலையானவையுமல்ல. 1619இல் அரசைக் கைப்பற்றிய போர்த்துக்கேயர் 1621இல் நல்லூர்க் கோயிலை இடித்தனர். 1981இல் யாழ்ப்பாணப் பொது நூலகம் எரியூட்டப்பட்டபோது ஏறத்தாழ 97,000 நூல்களும் ஏடுகளும் சாம்பராயின. இரு காலத்தொடர்களை இணைக்கும் ஏடு ஒன்று அழியுமாயின், அவை மீண்டும் தனித்தனியே செல்லும். ஒரு காலத்திற் சந்தித்தன என்பதைக் கூற எவரும் இரார்.

ஆதலின் வரலாற்று மாணவனின் கடமை இரண்டு. தொட்ட இடத்தைத் தொட்ட இடமென்று மாத்திரம் குறித்தல் ஒன்று. எஞ்சிய ஏட்டையும் கல்வெட்டையும் கட்டியத்தையும் பேணுதல் மற்றையது. இரு தொடர்களையும் வலிந்து ஒன்றாக்குதல் அவன் பணியன்று.