தாவர வகைப்பாடு: காவிரிப் படுகைச் சான்றுகளுடன்

செடிகொடிகளை ஒற்றுமையும் உறவும் பார்த்துக் குழுக்களாகப் பிரிப்பது தாவர வகைப்பாடு. எந்த ஒற்றுமையைக் கணக்கில் எடுப்பது என்பதில்தான் காலந்தோறும் வேறுபாடு. கும்பகோணத்துக் கொடிக்கால்களில் வெற்றிலை அகத்தியைப் பற்றி ஏறுகிறது. விவசாயிக்கு ஒன்று கொடி, மற்றது மரம். தோற்றத்தை வைத்துப் பிரிக்கும் இந்த முறை வேலைக்குப் போதும், உறவைக் காட்டாது. அகத்திக்குச் சொந்தம், சம்பா அறுவடைக்குச் சில நாள் முன்பு வயலில் தெளிக்கும் உளுந்தும் பயறும்தான். மூன்றும் ஒரே பயறுக் குடும்பம்.

தோற்றத்தைத் தாண்டி உள்ளமைப்பைப் பார்த்த பழைய நூல் தொல்காப்பியம். அதன் மரபியல், உள்ளே வயிரம் உள்ளதை மரம் என்றும் வெளியே வயிரம் உள்ளதைப் புல் என்றும் பிரிக்கிறது. அப்படிப் பார்த்தால் ஓங்கி வளர்ந்த தென்னையும் பனையும் மூங்கிலும் புல்லாகின்றன. இன்றைய தாவரவியலும் இவற்றை நெல்லோடு சேர்த்து ஒருவித்திலைத் தாவரங்களில்தான் வைக்கிறது. தொல்காப்பியர் அன்றே ஒருவித்திலையைக் கண்டுபிடித்துவிட்டார் என்று மேடைகளில் முழங்குவது மட்டும் மிகை. அவர் பேசுவது வயிரத்தைப் பற்றி, வித்திலையைப் பற்றியல்ல.

ஸ்வீடனின் லின்னேயஸ் 1753இல் வெளியிட்ட நூலில் பூவின் மகரந்தத் தாள்களை எண்ணித் தாவரங்களை 24 வகுப்புகளாக்கினார். அவரிடம் படித்த ஜோஹன் கெர்ஹார்ட் கோனிக் 1768இல் மருத்துவராகத் தரங்கம்பாடிக்கு வந்தார். தஞ்சை ரகுநாத நாயக்கர் 1620இல் டேனிஷ்காரர்களுக்கு விட்டுக்கொடுத்த துறைமுகம் அது. இந்தியத் தாவரங்களை லின்னேயஸ் முறைப்படி விவரிக்கும் வேலை இந்தக் கடலோரத்தில்தான் சூடுபிடித்தது. கோனிக்கைத் தொடர்ந்து, 1776இல் வந்த பாதிரியார் ராட்லரும் அதில் இறங்கினார். தமிழ் அகராதி தொகுத்தவரும் இவரே. லின்னேயஸ் 1771இல் கறிவேப்பிலைக்கு ‘பெர்கேரா கோனிகி’ என்று பெயரிட்டார். பிறகு அது ‘முர்ரயா’ பேரினத்துக்கு மாறியது. இப்போது பலர் அதைப் பழைய பேரினத்துக்கே திருப்பிவிட்டார்கள். கோனிக்கின் பெயர் மட்டும் எல்லா மாற்றத்திலும் ஒட்டிக்கொண்டிருக்கிறது.

எண்ணுவது எளிது, ஆனால் கோணலாகவும் போகும். நெல்லின் பூவில் ஆறு மகரந்தத் தாள்கள். பெரும்பாலான புற்களில் மூன்று. அதனால் லின்னேயஸ் கணக்கில் நெல் ஒரு வகுப்பிலும், அதே வயலில் களையாக வரும் குதிரைவாலிப் புல் வேறொரு வகுப்பிலும் விழுந்தன. புல்லே அல்லாத கோரை, குதிரைவாலியின் வகுப்பில் சேர்ந்துகொண்டது!

இதைச் சரிசெய்யப் பல பண்புகளைச் சேர்த்துப் பார்க்கும் முறைகள் வந்தன. அவற்றில் இந்தியாவில் நிலைத்தது பெந்தமும் ஹூக்கரும் 1862 முதல் 1883 வரை வெளியிட்டது. விதைத் தாவரங்களை அது 202 குடும்பங்களாகப் பிரித்தது. சைக்கஸ், பைன் போன்ற திறந்த விதைத் தாவரங்களை இருவித்திலைக்கும் ஒருவித்திலைக்கும் நடுவில் வைத்தது அதன் பெரிய குறை. நாகப்பட்டினக் கடற்கரைச் சவுக்கு பைன் போலத் தோன்றினாலும் பூக்கும் தாவரமே.

விதையே இல்லாதவை தனி. குளத்துப் படிக்கட்டில் வழுக்கும் பாசியும் ஈரச் சுவரின் மாஸும் அப்படிப்பட்டவை. வாய்க்கால் ஓரத்து ஆரைக்கீரையும், நெல்வயலுக்கு உரமாக விடும் அசோலாவும் பெரணிகள். விதைக்குப் பதில் ஸ்போர் என்னும் வித்துகளால் பெருகுகின்றன.

1998இல் டி.என்.ஏ. ஒப்பீட்டை அடிப்படையாகக் கொண்ட ஏ.பி.ஜி. வகைப்பாடு வந்தது. 2016இல் வந்த நான்காம் பதிப்பு பூக்கும் தாவரங்களை 416 குடும்பங்களாக்குகிறது. இருவித்திலை என்ற பெரிய குழு இதில் உடைந்தது. வெற்றிலை அதிலிருந்து விலகி, மிளகோடும் சண்பகம், சீத்தா, இலவங்கப்பட்டையோடும் மேக்னோலிட் என்ற தனிக் கிளைக்குப் போனது. இன்னும் வியப்பு தாமரை. தோற்றத்தில் அல்லியை ஒத்திருப்பதால், பெந்தமும் ஹூக்கரும் இரண்டையும் ஒரே குடும்பமாக்கியிருந்தார்கள். டி.என்.ஏ.வோ தாமரைக்கு நெருங்கிய உறவாக, நீலகிரித் தேயிலைத் தோட்டங்களில் நிழலுக்கு நடும் சில்வர் ஓக்கைக் காட்டுகிறது. இந்திய உலர்தாவரகங்கள் பலவற்றின் அலமாரிகளில் இன்றும் பெந்தம்-ஹூக்கர் வரிசைதான். அங்கே தாமரையும் அல்லியும் ஒரே தட்டில் இருக்கும்.