15–14: டெக்சாஸ் 1969, ஒரு சாம்பியன் சீசனின் கதை

இன்னைக்குக் கதை ஒரு போட்டோவில் இருந்து ஆரம்பிக்குது.

எங்க ஆபீஸ்ல ஆஸ்டின் டீமோட ராத்திரி கால் இருக்கும். அதுல ஒருத்தர் பின்னாடி சுவரில் ஒரு பழைய குரூப் போட்டோ தொங்கும். ஒருநாள் என்னன்னு கேட்டேன். "1969 லாங்ஹார்ன்ஸ். டெக்சாஸ் பல்கலைக்கழக ஃபுட்பால் அணி. தேசிய சாம்பியன்" என்றார், ரொம்பப் பெருமையா. கால் முடிஞ்சதும் அந்தப் போட்டோவை நெட்ல தேடிப் பெரிசாக்கிப் பார்த்தேன். அத்தனை முகமும் வெள்ளை. ஒரு கறுப்பு முகம்கூட இல்லை. ஏன்னு தேடப் போனவன்தான், ரெண்டு மாசம் அதிலேயே மாட்டிக்கிட்டேன்.

முதல்ல ஆட்டத்தைப் பற்றி ரெண்டே வரி. இது நாம சொல்ற ஃபுட்பால் இல்லை, அமெரிக்கன் ஃபுட்பால். பந்து கையில் இருக்கும் அணிக்கு நாலு முயற்சி. அதற்குள் 10 யார்டு முன்னேறணும். முன்னேறினால் மறுபடி நாலு முயற்சி, இல்லைன்னா பந்து எதிரணிக்கு. கோட்டைத் தாண்டிப் பந்தைக் கொண்டுபோனால் டச்டவுன், 6 புள்ளி. அதுக்கப்புறம் பந்தை உதைச்சு 1 புள்ளி எடுக்கலாம், இல்லை ரிஸ்க் எடுத்து இன்னொரு முறை உள்ளே போய் 2 புள்ளி எடுக்கலாம். இந்த 2 புள்ளியை ஞாபகம் வெச்சுக்கோங்க.

இன்னொரு விஷயம். அந்தக் காலத்தில் கல்லூரி ஃபுட்பாலுக்கு இறுதிப் போட்டியே கிடையாது. தேசிய சாம்பியன் யாருன்னு ஓட்டுப் போட்டுத்தான் முடிவு பண்ணினாங்க. ஏபி நிறுவனம் பத்திரிகையாளர்களிடம் ஓட்டு வாங்கும், யுபிஐ பயிற்சியாளர்களிடம் வாங்கும். சீசன் முடிந்து ஜனவரி 1 அன்று நடக்கும் பவுல் ஆட்டங்கள் எல்லாம் அழைப்பின் பேரில் நடப்பவை.

சரி, 1969-க்கு வருவோம். 1869-ல் ரட்கர்ஸும் பிரின்ஸ்டனும் ஆடிய ஆட்டத்தைத்தான் முதல் கல்லூரி ஃபுட்பால் ஆட்டம் என்பார்கள். ஆக, அது நூறாவது ஆண்டு. டெக்சாஸின் பயிற்சியாளர் டாரெல் ராயல். முந்தைய வருடம் அவருடைய உதவியாளர் எமரி பெல்லார்ட் ஒரு புது அமைப்பைக் கொண்டுவந்திருந்தார். குவார்ட்டர்பேக்குக்குப் பின்னால் மூணு ஓட்டக்காரர்கள் ஒய் வடிவத்தில் நிற்பார்கள். பார்க்கக் கோழியின் கவட்டெலும்பு மாதிரி இருந்ததால் 'விஷ்போன்' என்று பெயர். பந்தை யாரிடம் கொடுப்பது என்பதை, எதிரணி ஆள் எந்தப் பக்கம் நகர்கிறான் என்று பார்த்து ஓடிக்கொண்டே முடிவு பண்ணணும்.

அதை நடத்தியவர் ஜேம்ஸ் ஸ்ட்ரீட். 1968-ல் முதல் ஆட்டம் டிரா, இரண்டாவது தோல்வி. அதற்கப்புறம் டெக்சாஸ் தொடர்ந்து 30 ஆட்டங்களில் ஜெயித்தது. 1969-ல் டிசியூ அணியை 69–7 என்று நொறுக்கினார்கள்.

அந்த வருடம் டெக்சாஸ்–ஆர்கன்சா ஆட்டம் அக்டோபரில் நடந்திருக்க வேண்டியது. ஏபிசி டிவி அதை டிசம்பர் 6-க்கு மாற்றச் சொன்னது. கடைசி வரை ரெண்டு அணியும் தோற்காமல் வரும் என்று ஒரு கணக்கு. கணக்கு பலித்தது. சீசன் முழுக்க முதலிடத்தில் இருந்த ஒஹாயோ ஸ்டேட்டை மிச்சிகன் நவம்பரில் 24–12 என்று கவிழ்த்தது. டெக்சாஸ் முதலிடம், ஆர்கன்சா இரண்டாமிடம்.

அந்த வாரத்தையும் கொஞ்சம் பாருங்க. டிசம்பர் 1-ம் தேதி இரவு, வியட்நாம் போருக்கு ஆள் எடுக்கப் பிறந்த தேதிகளைக் குலுக்கல் போட்டு எடுத்தார்கள். எந்தத் தேதி முதலில் வருதோ அந்தத் தேதியில் பிறந்தவன் முதலில் போகணும். மைதானத்தில் இருந்த பையன்களுக்கும், கேலரியில் இருந்த பையன்களுக்கும் அந்த வயசுதான்.

ஆர்கன்சாவின் ஃபயட்வில் நகரத்துக்கு அதிபர் நிக்சன் ஹெலிகாப்டரில் வந்து இறங்கினார். ஆட்டத்துக்கு முன் பிரார்த்தனை செய்தவர் பில்லி கிரஹாம். மைதானத்தைப் பார்த்த ஒரு மேட்டில் போர் எதிர்ப்பாளர்கள் நின்றார்கள். அடிமைக் காலத்துத் தென்மாநிலங்களை நினைவூட்டும் 'டிக்ஸி' பாட்டைப் பல்கலைக்கழக பேண்ட் வாசிக்கக் கூடாது என்று அங்கே கறுப்பின மாணவர்கள் போராடியிருந்தார்கள். அன்று அது வாசிக்கப்படவில்லை. ஆனா களத்தில் இறங்கிய ரெண்டு அணியிலும் எல்லாரும் வெள்ளையர்கள்.

ஆட்டத்துல டெக்சாஸ் பந்தைத் திரும்பத் திரும்பக் கோட்டை விட்டது. மூணு குவார்ட்டர் முடிவில் ஆர்கன்சா 14, டெக்சாஸ் 0.

நாலாவது குவார்ட்டரின் முதல் முயற்சி. பந்தைக் கொடுக்க ஆள் கிடைக்காமல் ஸ்ட்ரீட் தானே ஓடினார். 42 யார்டு. டச்டவுன். உடனே 2 புள்ளிக்கு முயற்சி, அதுவும் ஸ்ட்ரீட்டே. 14–8. இது அவசரத்தில் எடுத்த முடிவு இல்லை. முதல் டச்டவுன் அடித்தால் 2 புள்ளிக்குப் போவது என்று ராயல் முன்கூட்டியே தீர்மானித்திருந்தார். ஏன்னா அடுத்த டச்டவுனுக்கு அப்புறம் 1 புள்ளி போதும், டிரா ஆகாது, ஜெயிச்சிடலாம்.

ஐந்து நிமிடத்துக்கும் குறைவான நேரம் மீதி. நாலாவது முயற்சி, இன்னும் 3 யார்டு வேணும். ஓட்டத்தை நம்பி வளர்ந்த அணி அது. ராயலோ நீளமான பாஸ் போடச் சொன்னார். ஸ்ட்ரீட்டுக்கே நம்பிக்கை இல்லை, பாதி வழியில் திரும்பிப் போய் உறுதிப்படுத்திக்கொண்டு வந்தார். எதிரணி கவனிக்கிறது என்பதால், பந்தைப் பிடிக்க வேண்டிய ராண்டி பெஷலைப் பார்க்காமல், வேற ஒருத்தரைப் பார்த்துக்கொண்டே திட்டத்தைச் சொன்னார். ரெண்டு தடுப்பாளர்களுக்கு நடுவில் பெஷல் பந்தைப் பிடித்தார். 44 யார்டு. ரெண்டு முயற்சி கழித்து ஜிம் பெர்டெல்சன் டச்டவுன். கூடுதல் 1 புள்ளியும் கிடைத்தது. 15–14.

டெக்சாஸ் அறைக்குள் போய் நிக்சன் 'முதலிடம்' என்று ஒரு பலகையைக் கொடுத்தார். யுபிஐயும் டெக்சாஸைச் சாம்பியன் என்று அறிவித்தது. பவுல் ஆட்டம் இன்னும் பாக்கி! எங்க வேலை பாஷையில் சொன்னால், டெஸ்டிங் முடியறதுக்கு முன்னாடியே ரிலீஸ். அதே வருடம் பென் ஸ்டேட் அணியும் ஒரு ஆட்டம்கூடத் தோற்கவில்லை. அவர்களுடைய பயிற்சியாளர் ஜோ பட்டர்னோ இதை மறக்கவே இல்லை. 1973 பட்டமளிப்பு விழாவில், கல்லூரி ஃபுட்பால் பற்றி இவ்வளவு தெரிந்த நிக்சனுக்கு வாட்டர்கேட் பற்றி மட்டும் எப்படித் தெரியாமல் போனது என்று கிண்டலடித்தார்.

இதுவரைக்கும் சொன்னது ஸ்கோர்போர்டில் தெரிந்த கதை. தெரியாத ரெண்டு பேரைப் பற்றிச் சொல்லணும்.

முதல் ஆள் ஃப்ரெடி ஸ்டைன்மார்க். கடைசித் தடுப்பு வரிசையில் ஆடியவர், 20 வயசு, சின்ன உடம்பு. சீசன் முழுக்க இடது தொடையில் வலி. தசைப்பிடிப்பு என்று நினைத்துக்கொண்டு ஆடினார். ஆர்கன்சா ஆட்டத்தில் அவரால் வேகமாக ஓடவே முடியவில்லை. ஒரு எதிரணி வீரர் தன்னைத் தாண்டிப் போக, டச்டவுனைத் தடுக்க அவரைப் பிடித்து இழுத்தார். அதற்குத் தண்டனை கிடைத்தது, ஆனா டச்டவுன் போகவில்லை. அந்த வாரம் எக்ஸ்ரே எடுத்தார்கள். எலும்புப் புற்றுநோய். ஆட்டம் முடிந்து ஆறாவது நாள், டிசம்பர் 12, ஹூஸ்டனில் அவருடைய இடது கால் இடுப்போடு எடுக்கப்பட்டது.

இருபது நாள் கழித்து, 1970 ஜனவரி 1. டாலஸில் காட்டன் பவுல், எதிரணி நோட்டர் டேம். ஸ்டைன்மார்க் ஊன்றுகோலோடு எல்லைக்கோட்டுக்கு வெளியே நின்றார். ஆட்டம் முடிய ஒரு நிமிடத்துக்குக் கொஞ்சம் மேல் இருக்கும்போது பில்லி டேல் என்ற வீரர் டச்டவுன் அடிக்க, டெக்சாஸ் 21–17 என்று ஜெயித்தது. 11 ஆட்டம், 11 வெற்றி. ஏபியின் ஓட்டும் டெக்சாஸுக்கே. ஆட்டப் பந்தை ராயல் ஸ்டைன்மார்க்கிடம் கொடுத்தார். 1971 ஜூன் 6-ம் தேதி அவர் இறந்துபோனார். வயசு 22.

இரண்டாவது ஆள், என்னை இந்தக் கதைக்குள் இழுத்த கேள்விக்கான பதில். ஜூலியஸ் விட்டியர். சான் அன்டோனியோவில் இருந்து 1969-ல் உதவித்தொகையோடு வந்த கறுப்பின மாணவர். அந்தச் சாம்பியன் சீசன் முழுக்க அவர் அதே வளாகத்தில்தான் இருந்தார். ஆனா முதலாம் ஆண்டு மாணவர்கள் முக்கிய அணியில் ஆட அன்று விதி இடம் தரவில்லை. அதனால் அந்தப் போட்டோவில் அவர் இல்லை.

'முழுக்க வெள்ளையர்களோடு தேசிய சாம்பியன் ஆன கடைசி அணி' என்று 1969 டெக்சாஸைப் பற்றி எழுதுவார்கள். அதைப் படிச்சா ஏதோ தானா வந்த முடிவு மாதிரி இருக்கும். தானா வரலை. இதே மாநிலத்தில் எஸ்எம்யூ கல்லூரிக்கு ஜெர்ரி லெவியாஸ் என்ற கறுப்பின வீரர் 1966-லேயே ஆடினார். ஆள் இல்லாமல் இல்லை. டெக்சாஸ் கதவைத் திறக்க அத்தனை நாள் ஆச்சு, அவ்வளவுதான்.

1970-ல் விட்டியர் முக்கிய அணிக்கு வந்தார். விடுதியில் அவரோடு ஒரே அறையில் தங்க ஒரு வெள்ளை வீரர் தேவைப்பட்டார். யாரும் முன்வரவில்லை. கடைசியில் ஒருத்தர் நான் தங்குறேன் என்றார். யார் தெரியுமா? பில்லி டேல். நோட்டர் டேமுக்கு எதிரா அந்தக் கடைசி டச்டவுன் அடிச்ச அதே ஆள். அதனால் அவர் சில நண்பர்களை இழந்தார்.

இதைப் படிச்சப்போ கொஞ்ச நேரம் லேப்டாப்பை மூடி வெச்சுட்டேன். அந்த டச்டவுன் அடிக்க அவருக்கு 10 பேர் வழிவிட்டுக் கொடுத்தாங்க, நாடே கைதட்டுச்சு. அந்த அறைக்குள்ள போனப்போ கூட யாரும் வரலை.

விட்டியர் டெக்சாஸ் ஃபுட்பாலில் லெட்டர் பெற்ற முதல் கறுப்பின வீரர் ஆனார். பின்னால் சட்டம் படித்து டாலஸில் வக்கீலாக இருந்தார். 2018-ல் காலமானார். இன்னைக்கு ஆஸ்டின் ஸ்டேடியத்தின் ஸ்கோர்போர்டு ஸ்டைன்மார்க் பெயரில் இருக்கு. களத்துக்குள் போகும் வீரர்கள் அவர் படத்தைத் தொட்டுவிட்டுப் போகிறார்கள். அதே ஸ்டேடியத்தில் 2020-ல் விட்டியருக்குச் சிலை வைத்தார்கள்.

அடுத்த கால்ல என் நண்பர்கிட்ட போட்டோவைப் பத்தி மறுபடி பேச்செடுத்தேன். ஸ்டைன்மார்க் எங்க நிக்கிறார்னு காட்டினார். பில்லி டேலைக் காட்டினார். "விட்டியர்?" என்றேன். கொஞ்சம் யோசிச்சுட்டு, "அவர் அப்போ இங்கதான் இருந்தார்" என்றார்.

அடுத்த எபிசோடில் சந்திப்போம்.