சுனில் தத்: பம்பாய்க் கலவரத்தில் பதவியைத் துறக்க முன்வந்த நடிகர்

நடிகர் அரசியலுக்கு வருகிறார் என்றால் நம் ஊரில் உடனே நினைவுக்கு வருவது ரசிகர் மன்றம், புதுக் கொடி, புதுக் கட்சி, முதல்வர் நாற்காலி. இந்தித் திரையுலகிலிருந்து வந்த சுனில் தத்தின் வழி வேறு. அவர் கட்சி தொடங்கவில்லை. முதல்வர் பதவிக்கும் ஆசைப்படவில்லை. ஒரே தொகுதியில் ஐந்து முறை மக்களவைக்கு வென்றார்; கடைசி ஓராண்டு மட்டும் மத்திய அமைச்சராக இருந்தார். பதவிக் கணக்கு இவ்வளவுதான். ஆனாலும் 1992-93 பம்பாய்க் கலவரத்தை நினைவில் வைத்திருக்கும் முஸ்லிம் குடும்பங்களில் அவர் பெயர் இன்றும் மரியாதையோடு சொல்லப்படுகிறது. அந்த நாட்களில் அவர் எடுத்த நிலைக்கு அவரும் அவர் குடும்பமும் கொடுத்த விலை சிறியதல்ல.

பிரிவினை தந்த பாடம்

இயற்பெயர் பல்ராஜ் தத். இன்று பாகிஸ்தானில் இருக்கும் ஜீலம் மாவட்டத்தின் குர்த் கிராமத்தில் 1929 ஜூன் 6 அன்று பிறந்தார். ஐந்து வயதிலேயே தந்தையை இழந்தவர். 1947இல் பஞ்சாப் முழுவதும் வெட்டும் குத்துமாக இருந்தபோது, இந்துக்களான இவர் குடும்பத்துக்கு அடைக்கலம் கொடுத்துக் காப்பாற்றியவர் தந்தையின் முஸ்லிம் நண்பரான யாகூப் என்பவர். இதைத் தத் தம் வாழ்நாள் முழுவதும் பேட்டிகளில் சொல்லி வந்தார். சொந்த ஊரை இழந்து அகதியாக வந்த எத்தனையோ பேர் மனதில் வெறுப்பைச் சுமந்து கொண்டு வந்தார்கள். இவர் அதைச் சுமக்காமல் போனதற்கு அந்த ஒரு மனிதர் காரணம் என்று சொன்னால் மிகையாகாது.

தத் குலத்தார் மொஹ்யால் பிராமணர்கள். இவர்களுக்கு 'ஹுசைனி பிராமணர்' என்றும் ஒரு பெயர் உண்டு. தங்கள் முன்னோர் ஒருவர் கர்பலாவில் இமாம் ஹுசைன் (ரலி) அவர்களின் பக்கம் நின்றார் என்பது அக்குலத்தாரின் நம்பிக்கை. இது செவிவழியாக வந்த மரபு. வரலாற்றுச் சான்றாக இதை எடுத்துக்கொள்ள முடியாது. ஆனால் ஒரு குலம் தன் பெருமையாக எதைச் சொல்லிக்கொள்கிறது என்பதும் கவனிக்கத்தக்கதே.

குடும்பம் இன்றைய ஹரியானாவின் யமுனாநகர் மாவட்டத்தில் உள்ள மண்டோலி கிராமத்தில் குடியேறியது. பல்ராஜ் பிழைப்புத் தேடிப் பம்பாய் வந்து ஜெய்ஹிந்த் கல்லூரியில் படித்தார். படித்துக்கொண்டே நகரப் பேருந்து நிறுவனமான பெஸ்ட்டின் பணிமனையில் எழுத்தர் வேலை பார்த்தார். அடுத்து வந்தது இலங்கை வானொலி. தமிழ் நேயர்கள் அதன் தமிழ்ச் சேவையைக் கேட்டு வளர்ந்தது போலவே, வட இந்தியா முழுவதும் அதன் இந்திச் சேவைக்குக் காதைக் கொடுத்திருந்த காலம் அது. அந்த இந்தி நிகழ்ச்சிகளில் திரை நட்சத்திரங்களைப் பேட்டி காணும் குரலாகத்தான் பல்ராஜ் முதலில் மக்களிடம் அறிமுகமானார்.

திரை வாழ்வு

1955இல் வெளிவந்த 'ரயில்வே பிளாட்பாரம்' முதல் படம். சுனில் தத் என்ற பெயர் அப்போது வந்தது. 1957இல் மெஹ்பூப் கானின் 'மதர் இந்தியா' அவரை நாடறிந்த நடிகராக்கியது. அதில் தாயாக நடித்தவர் நர்கிஸ், அடங்காத இளைய மகன் பிர்ஜுவாக நடித்தவர் தத். படப்பிடிப்பில் வைக்கோல் போர்களுக்கு வைத்த தீ கட்டுப்பாடு இழந்தபோது, உள்ளே சிக்கிய நர்கிஸைத் தத் புகுந்து காப்பாற்றினார். தீக்காயம் பட்டவரை நர்கிஸ் உடனிருந்து கவனித்துக்கொண்டார். 1958இல் இருவரும் மணந்துகொண்டார்கள்.

நர்கிஸின் இயற்பெயர் பாத்திமா ரஷீத். பாடகியும் திரைப்படத் தயாரிப்பாளருமான ஜத்தன்பாயின் மகள். அந்த நாளில் அவர் புகழ் தத்தின் புகழைவிடப் பல மடங்கு பெரியது.

1960களில் தத் முன்னணி நாயகனாக இருந்தார். சம்பல் கொள்ளையனாக நடித்த 'முஜே ஜீனே தோ', நகைச்சுவைக்குப் பெயர்பெற்ற 'படோசன்', பல நாயகர்கள் சேர்ந்து நடித்த 'வக்த்' ஆகியவை இன்றும் பேசப்படுகின்றன. சிவாஜி கணேசன் நடித்த 'பாகப்பிரிவினை' இந்தியில் 'கான்தான்' ஆனபோது அந்த வேடத்தை ஏற்றவரும் இவரே; இரண்டையும் இயக்கியவர் ஏ. பீம்சிங். 1964இல் திரையில் தான் ஒருவர் மட்டுமே தோன்றும் 'யாதேன்' என்ற படத்தை இயக்கி நடித்தார். 1971இல் எடுத்த 'ரேஷ்மா ஔர் ஷேரா' அவரைக் கடனில் தள்ளியது.

படங்களைவிட அவருடைய பிற்கால வாழ்வோடு நெருங்கிய தொடர்புள்ளது வேறொன்று. தத்தும் நர்கிஸும் 'அஜந்தா ஆர்ட்ஸ்' என்ற கலைக்குழுவை அமைத்து, எல்லைப் பகுதிகளுக்குச் சென்று ராணுவ வீரர்கள் முன் நிகழ்ச்சி நடத்தினார்கள். தேசபக்தியைப் பற்றி இவருக்கு யாரும் பாடம் எடுக்க வேண்டியதில்லை. பின்னாளில் அவரைத் 'துரோகி' என்று ஏசியவர்கள் இதை வசதியாக மறந்துபோனார்கள்.

மனைவியின் மரணமும் அரசியல் நுழைவும்

குடும்பத்தில் முதலில் நாடாளுமன்றம் போனவர் நர்கிஸ். 1980இல் மாநிலங்களவைக்கு நியமிக்கப்பட்டார். அடுத்த ஆண்டே, 1981 மே 3 அன்று, புற்றுநோயால் இறந்தார். மகன் சஞ்சயின் முதல் படம் திரைக்கு வரச் சில நாட்களே இருந்தன. பம்பாய் மரைன் லைன்ஸ் பகுதியில் உள்ள படா கப்ரஸ்தானில் நர்கிஸ் அடக்கம் செய்யப்பட்டார். அவர் பெயரில் தத் தொடங்கிய அறக்கட்டளை புற்றுநோய் சிகிச்சைக்கு நிதி திரட்டியது.

1984 மக்களவைத் தேர்தலில் பம்பாய் வடமேற்குத் தொகுதியில் காங்கிரஸ் அவரை நிறுத்தியது. எதிரே நின்றவர் புகழ்பெற்ற வழக்கறிஞர் ராம் ஜெத்மலானி. 1977, 1980 ஆகிய இரு தேர்தல்களிலும் அதே தொகுதியில் வென்றவர் அவர். தத் அவரைத் தோற்கடித்தார். அவ்வாண்டு அலகாபாத்தில் வென்ற அமிதாப் பச்சன் மூன்றே ஆண்டில் அரசியலை விட்டு விலகினார். தத் நிலைத்து நின்றார்.

1987இல் பஞ்சாப் பற்றி எரிந்துகொண்டிருந்தது. துப்பாக்கிச் சத்தம் கேட்காத நாளில்லை. அப்போது தத் பம்பாயிலிருந்து அமிர்தசரஸ் பொற்கோயில் வரை சுமார் 2,000 கிலோமீட்டர் நடந்தே போனார். மகள் பிரியாவும் உடன் நடந்தார். நடைப்பயணத்தால் தீவிரவாதம் நின்றுவிடாது என்று கேலி செய்தவர்கள் இருந்தார்கள். நிற்கவும் இல்லைதான். ஆனால் அச்சத்தால் எந்தத் தலைவரும் எட்டிப் பார்க்காத ஊர்களில் ஒருவர் கால்நடையாக வந்து நின்றது மக்களுக்குப் பெரிய விஷயமாக இருந்தது. மறு ஆண்டு ஜப்பானில், நாகசாகியிலிருந்து ஹிரோஷிமாவுக்கும் அமைதி நடைப்பயணம் சென்றார். 1989, 1991 தேர்தல்களிலும் வென்றார்.

கலவர நாட்கள்

1992 டிசம்பர் 6 அன்று பாபர் மசூதி இடிக்கப்பட்டது. பம்பாயில் டிசம்பரில் ஒரு சுற்றும், 1993 ஜனவரியில் அதைவிடக் கொடிய இன்னொரு சுற்றுமாகக் கலவரம் நடந்தது. நீதிபதி ஸ்ரீகிருஷ்ணா ஆணையத்தின் கணக்குப்படி 900 பேர் கொல்லப்பட்டார்கள். அவர்களில் 575 பேர் முஸ்லிம்கள், 275 பேர் இந்துக்கள். வாக்காளர் பட்டியலை வைத்து முஸ்லிம் வீடுகளையும் கடைகளையும் தேடித் தாக்கிய நாட்கள் அவை. சிவசேனையின் பங்கையும், காவல்துறையின் பாரபட்சத்தையும் ஆணையம் பின்னர் தெளிவாகவே பதிவு செய்தது.

மாநிலத்திலும் மத்தியிலும் ஆட்சியில் இருந்தது தத்தின் சொந்தக் கட்சி. நியாயமாகப் பார்த்தால் அவர் வாய் மூடி இருந்திருக்க வேண்டும். கட்சிக்காரர்கள் பெரும்பாலோர் அப்படித்தான் இருந்தார்கள். தத் பாதிக்கப்பட்ட பகுதிகளுக்குப் போனார். வீடிழந்தவர்களுக்கு உணவும் மருந்தும் சேர்ப்பதில் இறங்கினார். மக்களைக் காக்க அரசு தவறிவிட்டது என்று வெளிப்படையாகச் சொல்லி, மக்களவை உறுப்பினர் பதவியை ராஜினாமா செய்வதாக அறிவித்தார்.

முஸ்லிம்களுக்கு மட்டும் உதவுகிறார் என்ற பிரசாரம் உடனே கிளம்பியது. வீட்டுக்கு மிரட்டல் அழைப்புகள் வந்தன. மனைவியின் மதம் இழுக்கப்பட்டது. யாகூப் தன் குடும்பத்துக்கு 1947இல் செய்ததை, 1993இல் தான் திருப்பிச் செய்வதாக அவர் நினைத்திருக்கலாம்.

மகன் மீது தடா

1993 மார்ச் 12 அன்று பம்பாயில் தொடர் குண்டுவெடிப்புகள் நடந்து 257 பேர் இறந்தார்கள். ஏப்ரல் 19 அன்று, மொரீஷியஸில் படப்பிடிப்பு முடித்துத் திரும்பிய சஞ்சய் தத் விமான நிலையத்திலேயே தடா சட்டத்தில் கைது செய்யப்பட்டார். குண்டுவெடிப்பில் தொடர்புடையவர்கள் கொண்டுவந்த ஆயுதங்களிலிருந்து ஒரு ஏ.கே. 56 துப்பாக்கியை வாங்கி வைத்திருந்தார் என்பது குற்றச்சாட்டு. கலவர நேரத்தில் தந்தைக்கும் தங்கைகளுக்கும் மிரட்டல் வந்ததால் பாதுகாப்புக்காக வாங்கியதாக அவர் சொன்னார்.

இங்கே இரண்டையும் பிரித்துப் பார்க்க வேண்டும். சஞ்சய் செய்தது குற்றம். தந்தையின் நற்பெயர் அதை மறைக்காது. ஆனால் மகனின் குற்றத்தைக் காட்டி, தந்தையின் நிவாரணப் பணியையே தேசவிரோதம் என்று பேசியது அப்பட்டமான அரசியல்.

சஞ்சய் முதலில் ஜாமீனில் வந்தார். 1994இல் அது ரத்தாகி மீண்டும் சிறை சென்றார். கட்சி மேலிடத்தின் கதவுகளைத் தட்டிப் பலனில்லாமல் போன பிறகு, தத் சிவசேனைத் தலைவர் பால் தாக்கரேயைப் போய்ப் பார்த்தார். 1995இல் மாநிலத்தில் சிவசேனை - பா.ஜ.க. ஆட்சி வந்திருந்தது. அவ்வாண்டு அக்டோபரில் உச்ச நீதிமன்றம் சஞ்சய்க்கு ஜாமீன் வழங்கியது. எந்தக் கட்சியின் வெறியாட்டத்தை எதிர்த்துப் பதவியை உதறத் துணிந்தாரோ, அதன் தலைவர் வாசலிலேயே போய் நிற்க வேண்டிய நிலை. அவரைக் குறை சொன்னவர்கள் நம்மவர்களிலும் உண்டு. மகனைச் சிறையில் பார்த்துவிட்டு வந்த தகப்பனை அந்த அளவுகோலால் அளக்க இக்கட்டுரையாளருக்கு மனம் வரவில்லை.

1996, 1998 தேர்தல்களில் தத் போட்டியிடவில்லை. அவ்விரு முறையும் அத்தொகுதியில் வென்றவர் சிவசேனையின் மதுகர் சர்போத்தார். யார் இந்த சர்போத்தார்? 1993 ஜனவரியில், கலவரத்தின் நடுவே, ராணுவத்தினர் மறித்த வாகனத்தில் துப்பாக்கிகளோடும் பிற ஆயுதங்களோடும் பிடிபட்ட சட்டமன்ற உறுப்பினர். ராணுவம் அவரைக் காவல்துறையிடம் ஒப்படைத்தது. அவர் மீது தடா பாயவில்லை. குண்டுவெடிப்பு வழக்கில் ஏராளமான முஸ்லிம் இளைஞர்கள் அதே சட்டத்தில் அள்ளிச் செல்லப்பட்டது அடுத்த சில வாரங்களில்தான். ஸ்ரீகிருஷ்ணா ஆணைய அறிக்கையில் இந்தச் சம்பவம் இடம்பெற்றது. 1998இல் வெளியான அந்த அறிக்கையைச் சிவசேனை அரசு ஏற்க மறுத்தது.

திரும்பி வந்த ஆண்டுகள்

1999இல் தத் மீண்டும் களத்தில் இறங்கி சர்போத்தாரைத் தோற்கடித்தார். 2003இல் மகனோடு 'முன்னா பாய் எம்.பி.பி.எஸ்.' படத்தில் நடித்தார். தமிழில் 'வசூல் ராஜா'வாக வந்ததும் இந்தக் கதைதான். மகனைக் கட்டியணைக்கும் தகப்பனாக அதில் அவர் வரும் காட்சியில் நடிப்பு எவ்வளவு, சொந்த வாழ்க்கை எவ்வளவு என்று பிரிப்பது கடினம். அதுவே அவரது கடைசிப் படம்.

2004 தேர்தலில் சிவசேனையின் சஞ்சய் நிருபமைத் தோற்கடித்து, மன்மோகன் சிங் அமைச்சரவையில் இளைஞர் நலன், விளையாட்டுத் துறை அமைச்சரானார். மறு ஆண்டு அந்த நிருபமைக் காங்கிரஸ் தன் கட்சியில் சேர்த்துக்கொண்டது தத்துக்குப் பிடிக்கவில்லை. 2005 மே 25 அன்று பாந்த்ராவில் உள்ள தம் வீட்டில் உறக்கத்திலேயே மாரடைப்பால் காலமானார். அவ்வாண்டு நவம்பரில் நடந்த இடைத்தேர்தலில், பொற்கோயில் வரை உடன் நடந்த மகள் பிரியா அத்தொகுதியில் வென்றார்.

வழக்குகள் அவருக்குப் பின்னும் நடந்தன. 2006இல் தடா நீதிமன்றம் சஞ்சய் தத்தைச் சதிக் குற்றச்சாட்டிலிருந்து விடுவித்து, ஆயுதச் சட்டத்தின் கீழ் மட்டும் குற்றவாளி என்றது. உச்ச நீதிமன்றம் 2013இல் அந்தத் தீர்ப்பை உறுதி செய்து, தண்டனையை ஐந்தாண்டாகக் குறைத்தது. அதை முடித்து அவர் வெளியே வந்தது 2016 பிப்ரவரியில். மதுகர் சர்போத்தாருக்கு, கலவரக் காலத்தில் வெறுப்பைத் தூண்டிய வழக்கில், 2008இல் ஓராண்டுத் தண்டனை விதிக்கப்பட்டது. ஜாமீனில் வெளியே இருந்த அவர் 2010இல் இறந்தார்.