பீன்ஸ் பொரியல் நம்ம மரபு உணவா? ஒரு சின்ன வரலாறு

1/
"டாக்டரம்மா, பீன்ஸ் நம்ம காயே இல்லையாம்ல? வெள்ளைக்காரன் காயாம். நம்ம உடம்புக்கு ஆகாதுன்னு பேரன் போன்ல காட்டுனான். அதான் விட்டுட்டேன்."

ஓபியில் ஒரு அம்மா கேட்டது. அறுபதை ஒட்டிய வயசு. தேவாரத்துப் பக்கத்துக்காரங்க. விடியறதுக்குள்ள ஜீப் ஏறி, போடிமெட்டு வழியா மலைக்குப் போய், ஏலத்தோட்டத்துல வேலை பார்த்துட்டு இருட்டுற நேரம் வீடு திரும்புறவங்க. வெறும் வயித்துல சர்க்கரை 210.

2/
"சரிம்மா, பீன்ஸை விட்டுட்டீங்க. அதுக்குப் பதிலா என்ன சாப்பிடுறீங்க?"

"என்னத்தத் தாயி... சோறும் கொழம்பும்தான். தொட்டுக்க ஊறுகா."

இந்தப் பதிலுக்காகத்தான் இந்த இழை. கொஞ்சம் நீளம். பொறுமையா வாசிங்க. பேரன் போன்ல வந்தது பாதி உண்மை. பாதி உண்மை முழுப் பொய்யை விட அதிகமா கெடுக்கும், நான் ஓபியில் தினமும் பார்க்கிறேன்.

3/
முதல்ல உண்மையான பாதி. ஆமாம், பீன்ஸ் இங்கே பிறந்த காய் இல்லை. இதன் தாய்வீடு அமெரிக்கக் கண்டம். மெக்சிகோ பக்கம் ஒரு முறை, தென் அமெரிக்காவின் ஆண்டிஸ் மலைச்சரிவில் இன்னொரு முறை என, இரண்டு இடத்தில் தனித்தனியா காட்டுக்கொடியை வீட்டுப் பயிராக்கினாங்க. எல்லாம் பல ஆயிரம் வருஷத்துக்கு முன்னாடி.

அங்கே மக்காச்சோளம், பீன்ஸ், பூசணி மூணையும் ஒண்ணாவே விதைப்பாங்க. சோளத்தட்டையில் பீன்ஸ் கொடி ஏறும், பூசணி இலை மண்ணை மூடி ஈரம் காக்கும். மெக்சிகோவில் பச்சை பீன்ஸுக்கு இன்னைக்கும் பேர் 'எகோத்தே'. ஸ்பானியர் வருவதற்கு முன்னால் அந்த மக்கள் பேசிய நவாட்ல் மொழிச் சொல்லில் இருந்து வந்த பேர் அது.

4/
1492-ல் கொலம்பஸ் போனதுக்கு அப்புறம்தான் விதை கடல் தாண்டியது. 1542-ல் லியோன்ஹார்ட் ஃபுக்ஸ் என்ற ஜெர்மன் மருத்துவர் வெளியிட்ட மூலிகை நூலில் இந்தச் செடியின் படமே இருக்கு. ஐம்பதே வருஷத்தில் ஐரோப்பியத் தோட்டத்துக்குள் நுழைஞ்சாச்சு.

ஒரு வேடிக்கை. இதன் அறிவியல் பேரில் இருக்கும் 'ஃபாசியோலஸ்' பழைய கிரேக்க, ரோமானியச் சொல். அந்தக் காலத்தில் அது குறித்தது நம்ம தட்டைப்பயறு வகையை. புதுசா வந்த காய்க்கு வீட்டில் இருந்த பழைய காயின் பேரையே வச்சுட்டாங்க. அந்தத் தட்டைப்பயறும் ஐரோப்பாவில் பிறந்ததில்லை, ஆப்பிரிக்காவில் இருந்து வந்தது! நம்ம சந்தையில் 'நாட்டுக்காய்' பக்கம் உட்கார்ந்திருக்கும் தட்டாங்காயும் ஒரு காலத்து விருந்தாளிதான்.

5/
நம்ம ஊருக்கு எப்படி வந்துச்சு? பேரைப் பார்த்தாலே வாசல் தெரியும்.

மிளகாய், தக்காளி, உருளைக்கிழங்கு, கொய்யா, பப்பாளி, மரவள்ளி. இதுங்க எல்லாமே அமெரிக்கக் கண்டத்துக்காரங்கதான். ஆனா தமிழ்ப் பேரோடு கலந்துடுச்சு. பீன்ஸ் மட்டும் 'பீன்ஸ்'னே நின்னுபோச்சு.

இலங்கைத் தமிழர்களிடம் கேளுங்க, 'போஞ்சி'ன்னு சொல்லுவாங்க. சிங்களத்திலும் அதே 'போஞ்சி'. அது 'பூன்ச்சே' என்ற டச்சுச் சொல்லின் வழியில் வந்தது. 1658-ல் யாழ்ப்பாணத்தைப் பிடிச்ச டச்சுக்காரர்கள் 18-ஆம் நூற்றாண்டின் கடைசி வரை அந்தக் கடற்கரையை ஆண்டாங்க. அங்கே டச்சு வாசல், இங்கே ஆங்கில வாசல். ஒரே காய், தமிழிலேயே ரெண்டு பேர்.

6/
நம்ம பக்கத்து வாசல் எது? மலை.

வெள்ளைக்காரர்களுக்குச் சமவெளி வெயில் தாங்கலை, குளிர்ந்த மலையைத் தேடினாங்க. கோயம்புத்தூர் கலெக்டர் ஜான் சல்லிவன் 1819-ல் நீலகிரி ஏறினார். ஊட்டியில் வீடு கட்டி, ஐரோப்பியக் காய்கறிகளைப் பயிரிட்டுப் பார்த்தார். இன்னைக்கு நாம டூர் போகும் ஊட்டி தாவரவியல் பூங்காவின் தொடக்கமும் காய்கறிதான். 1840-களில் அங்கே குடியிருந்த ஐரோப்பியர்கள், கட்டுப்படியாகும் விலைக்குக் காய் கிடைக்கணும்னு மாதச் சந்தா போட்டு ஒரு தோட்டம் வச்சாங்க. அது சரிவராமல் போய், பிறகு 1848-ல் மெக்ஐவர் பொறுப்பேற்றுப் பூங்காவாக வளர்த்தார்.

7/
நமக்குப் பக்கத்து மலை கொடைக்கானல். 1845-ல் மதுரை அமெரிக்க மிஷன்காரர்கள் அங்கே முதல் ரெண்டு வீடு கட்டினாங்க. மோட்டார் ரோடு வரும் முன்னால் கொடைக்கானலுக்கு ஏறும் வழி நம்ம பெரியகுளம் பக்கம்தான். ஆட்களையும் சாமான்களையும் தோளில் சுமந்து ஏறினது நம்ம ஊர்ச் சனம்.

போடிப் பக்கம் இன்னொரு கதை. 20-ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் டாப் ஸ்டேஷனில் இருந்து கொட்டகுடிக்குக் கம்பிவட ரோப்வே ஓடுச்சு. மூணாறு தேயிலை கீழே இறங்கும், தோட்டத்துக்கு அரிசியும் சாமானும் மேலே ஏறும். 1928-ல் போடிக்கு ரயிலும் வந்துச்சு. இப்ப அதே டாப் ஸ்டேஷனுக்கு அந்தாண்ட இருக்கிற வட்டவடையில் பீன்ஸும் கேரட்டும் பூண்டும் விளையுது. விளைவிக்கிறவங்க தமிழ் பேசும் விவசாயிகள்.

ஆக, 'இங்கிலீஷ் காய்'னு சந்தையில் சொல்றது தப்பில்லை. துரை பங்களாவுக்காக மலை ஏறின காய்தான். ஆனா விதைச்சது, பறிச்சது, சுமந்தது எல்லாம் நம்ம கை.

8/
இப்ப மறுபாதிக்கு வருவோம். பீன்ஸ் வர்றதுக்கு முன்னாடி நம்ம சட்டியில் என்ன இருந்துச்சு?

அவரை இருந்துச்சு. பெல்லாரி பக்கம் சங்கனகல்லு போன்ற புதிய கற்கால ஊர்களில் கொள்ளு, பாசிப்பயறு இதுங்களோட அவரையும் கிடைச்சிருக்கு. சங்க இலக்கியத்திலும் அவரை வருது. மாங்குடி கிழார் பாடின புறநானூறு 335-ஆம் பாட்டு நாலே நாலு பொருளைச் சொல்லி, இதைத் தவிர வேற உணவே கிடையாதுன்னு அடிச்சுச் சொல்லுது. வரகு, தினை, கொள்ளு, அவரை.

கவனிங்க. நாலில் ரெண்டு தானியம், ரெண்டு பயறு வகை. சரிபாதி!

9/
அவரையில் பிஞ்சு இருந்தா காயா சமைப்போம், முத்தினா விதையை உரிச்சுக் குழம்பு வைப்போம். தட்டாங்காய், கொத்தவரங்காய் எல்லாத்துக்கும் நம்ம அடுப்பங்கரையில் முறை தயாரா இருந்துச்சு. பொடியா நறுக்கு, தாளி, கொஞ்சமா தண்ணி தெளிச்சு வேகவை, தேங்காய்ப்பூ தூவி இறக்கு.

பீன்ஸ் வந்தப்ப யாரும் புதுச் சமையல் கத்துக்கலை. துரை வீட்டில் அது அவிச்சு வெண்ணெய் போட்டுத் தட்டுக்கு வந்துச்சு. நம்ம வீட்டில் நேரா அவரைக்காய் சட்டிக்குள்ள போயிடுச்சு. தாளிப்பில் விழும் கடுகு, உளுந்து, கறிவேப்பிலை பழசு. மிளகாய் மட்டும் பீன்ஸோட ஊர்க்காரன், ஆனா போர்த்துகீசியர் காலத்திலேயே வந்து இடம் பிடிச்சு வச்சிருந்தான்.

அதனால என் பதில்: பீன்ஸ் வெளியூர், பொரியல் நம்ம ஊர். மரபு விதையில் மட்டும் இல்லை, சட்டியிலும் இருக்கு.

10/
நார் உரிக்கிற கதையும் சொல்லிடுறேன். எல்லா பீன்ஸுக்கும் ஒரு காலத்தில் ஓரத்தில் நார் இருந்துச்சு. 1890-களில் அமெரிக்காவில் கால்வின் கீனி என்பவர் நார் இல்லாத ரகத்தைப் பொறுக்கி எடுத்து உருவாக்கினார். இப்ப கடைக்கு வரும் பீன்ஸ் பலதில் நார் பேருக்குத்தான் இருக்கு. ஆனாலும் எங்க அம்மா ரெண்டு முனையையும் கிள்ளி இழுத்துப் பார்க்காமல் நறுக்க மாட்டாங்க. அவரைக்காயில் பழகின கை!

11/
எங்க பக்கத்து முறை இதுதான். கால் கிலோ பிஞ்சு பீன்ஸ். ஒடிச்சா 'டக்'னு ஒடியணும். ஓடுற தண்ணியில் நல்லாக் கழுவுங்க, மேலே ஒட்டியிருக்கும் பூச்சிமருந்து கொஞ்சமாவது போகும். கழுவிட்டு நறுக்குங்க, நறுக்கிட்டுக் கழுவாதீங்க. சத்து தண்ணியோட போகும்.

ஒரு ஸ்பூன் எண்ணெய் காய்ஞ்சதும் கடுகு, உளுத்தம்பருப்பு, ரெண்டு வரமிளகாய், கறிவேப்பிலை, ஒரு கைப்பிடி சின்ன வெங்காயம். வதங்கினதும் காயைப் போட்டு, உப்பும் மஞ்சளும் சேர்த்து, அரை டம்ளர் தண்ணி தெளிச்சு மூடிடுங்க. மிதமான தீயில் பத்துப் பன்னெண்டு நிமிஷம். தண்ணி சுண்டினதும் தேங்காய்ப்பூ. நிறத்துக்காகச் சோடா உப்பு வேண்டாம், வைட்டமின் கெடும்.

12/
இப்ப டாக்டரா பேசுறேன். 100 கிராம் பச்சை பீன்ஸில் சுமார் 31 கலோரி, 7 கிராம் மாவுச்சத்து, அதுக்குள்ளேயே கிட்டத்தட்ட 3 கிராம் நார்ச்சத்து. அதே 100 கிராம் வெள்ளைச் சோற்றில் சுமார் 130 கலோரி, 28 கிராம் மாவுச்சத்து. இதில் எது சர்க்கரையை ஏத்தும்? நீங்களே சொல்லுங்க. கர்ப்பிணிகளுக்கு வேண்டிய ஃபோலேட்டும் பீன்ஸில் இருக்கு.

ஒரே எச்சரிக்கை: பச்சையா அரைச்சு 'பீன்ஸ் ஜூஸ்' குடிக்காதீங்க. இந்தக் குடும்பத்தில் லெக்டின் என்ற பொருள் உண்டு. ராஜ்மா விதையில் அது ரொம்ப அதிகம். வேகாத ராஜ்மா நாலைஞ்சு விதையே வாந்தி, வயித்துப்போக்கு கொண்டு வரலாம். பச்சைக் காயில் குறைவுதான், இருந்தாலும் வேகவச்சே சாப்பிடணும். நல்லாக் கொதிச்சா லெக்டின் செயலிழந்துடும். சிறுநீரகப் பிரச்சினை உள்ளவங்களும், ரத்தம் உறையாமல் இருக்க மாத்திரை போடுறவங்களும் எந்தக் காயையும் திடீர்னு கூட்டிக் குறைக்காமல் உங்க மருத்துவரிடம் கேட்டுக்கோங்க.

13/
சரி, அப்ப நாம தொலைச்சது எது? என் கணக்கில், அளவு.

புறநானூற்றுப் பாட்டில் பயறு வகை உணவில் சரிபாதிப் பேர். இன்னைக்கு இலை ஓரத்தில் ரெண்டு ஸ்பூன். அதையும் 'வெஞ்சனம்', 'தொட்டுக்க'ன்னுதான் சொல்றோம். அந்தப் பக்கம் சோறு மலையா குவிஞ்சு கிடக்கு. ஒரு நாளைக்குக் காயும் பழமும் சேர்த்து 400 கிராமாவது வேணும்னு உலக சுகாதார நிறுவனம் சொல்லுது. நம்ம வீட்டில் கால் கிலோ பீன்ஸ் வாங்கி அஞ்சு பேர் பங்கு போடுறோம். ஆளுக்கு ஐம்பது கிராம்!

நாட்டுக்காயா இங்கிலீஷ் காயான்னு சண்டை போடுறோம். தட்டில் ரெண்டுமே இல்லை.

14/
இதில் வறுமையும் இருக்கு, அதை மறைக்க விரும்பலை. இருட்டோட கிளம்பி இருட்டோட திரும்புற பொம்பளைக்கு காய் நறுக்க நேரம் ஏது? தூக்குவாளியில் சோறும் குழம்பும் கொண்டு போறதுதான் சுலபம். அவங்ககிட்ட போய் 'மரபுக்குத் திரும்புங்க'ன்னு ஒரு வீடியோ சொல்றப்ப, அவங்க முதல்ல நிறுத்துறது இருந்த ஒரே காயைத்தான்.

அதனால நான் அந்த அம்மாகிட்ட சொன்னது இவ்வளவுதான். மாத்திரையை விடாதீங்க. சோற்றில் ஒரு கரண்டி குறைங்க. அந்த இடத்தில் காய் வைங்க. பீன்ஸ், அவரை, தட்டாங்காய், கொத்தவரை, அன்னைக்கு எது மலிவோ அது. ராத்திரியே வீட்டில் யாராவது நறுக்கி வைக்கட்டும், அந்தப் பேரனையே நறுக்கச் சொல்லுங்க!

15/
அடுத்த மாசம் மாத்திரை வாங்க வந்தாங்க. சர்க்கரை 160-க்கு இறங்கியிருந்துச்சு. மாத்திரையை ஒழுங்கா போட்டதும் காரணம், தட்டு மாறினதும் காரணம். இன்னும் இறங்கணும்.

"பீன்ஸ் சாப்பிட்டீங்களாம்மா?"

"வெல ஏறிப்போச்சு தாயி. அவரைக்கா வாங்கி வச்சேன். பேரன்தான் நார் உரிச்சான். அதே தாளிப்புதானே?"

அதே தாளிப்புதான்மா.