முதல் என்ற சொல்

தூத்துக்குடி உப்புப் பண்டகசாலையில் கணக்கு எழுதிக்கொண்டிருந்த ஒருவர் இருபத்துநான்கு வயதில் அந்த வேலையை உதறிவிட்டு நாடகத்துக்குப் போனார். 1867-இல் காட்டுநாயக்கன்பட்டியில் பிறந்த சங்கரதாஸ் சுவாமிகள். நான் இருப்பது சாகுபுரத்தில். இங்கிருந்து ஆத்தூர், முக்காணி, பழையகாயல் என்று தூத்துக்குடிக்குப் பஸ் ஏறுகிறவன் இன்றும் உப்பளங்களைப் பார்த்துக்கொண்டேதான் போகவேண்டும். உப்புக் கணக்கர் ஒருவர் தமிழ் நாடகத்துக்கே வாத்தியாரானதில் இந்தப் பக்கத்துக்காரர்களுக்குக் கொஞ்சம் ஊர்ப்பெருமை உண்டு. ஆனால் சினிமாவைப் பற்றி எழுத உட்கார்ந்தவன் அவரிடமிருந்து தொடங்குவதற்குக் காரணம் வேறு. 1922-இல் புதுச்சேரியில் மறைவதற்கு முன்பு அவர் ஒரு சிறு பெண்ணின் பாட்டைக் கேட்டு, அவளைக் கம்பெனியில் சேர்த்துக்கொள்ளும்படி சாமண்ணாவிடம் சிபாரிசு செய்தார். தமிழில் பெண் ஒருத்தி சினிமா டைரக்டரான கதை அந்தச் சிபாரிசிலிருந்து ஆரம்பமாகிறது.

இதில் ஒரு முரண் இருக்கிறது. சுவாமிகள் 1918-இல் மதுரையில் தொடங்கிய தத்துவ மீனலோசனி வித்துவ பாலசபை ஒரு பாய்ஸ் கம்பெனி. வள்ளியும் பவளக்கொடியும் அங்கே பையன்கள்தான். பெண் வேடத்துக்குப் பையன்களைப் பழக்கிக்கொண்டிருந்தவர் ஒரு பெண்ணை மேடைக்கு அனுப்பிவைக்கிறார்.

டி.பி.ராஜலட்சுமி 1911-இல் திருவையாற்றில் பிறந்தவர். தகப்பனார் கிராமக் கணக்கர். குழந்தைப் பருவத்தில் கல்யாணம், அது முறிந்து பிறந்த வீட்டுக்குத் திரும்பியது, தகப்பனாரின் மரணம், பிழைப்புத் தேடித் தாயோடு திருச்சிக்கு வந்தது - இவ்வளவும் பதினோரு வயதுக்குள். பிராமணக் குடும்பத்துப் பெண் கூத்து மேடையேறுவதென்றால் அந்த நாளில் என்ன பேச்சு வந்திருக்கும் என்று விளக்க வேண்டியதில்லை. இப்போது எழுதுகிறவர்கள் இதைத் 'துணிச்சல்' என்று சொல்லிக் கடந்துவிடுகிறார்கள். எனக்கு அந்தச் சொல்லில் திருப்தியில்லை. போவதற்கு வேறு இடமில்லாதவள் போன இடம் அது. துணிச்சல் பிற்பாடு வருகிறது, கையில் நாலு காசு சேர்ந்த பிறகு.

மேடையிலிருந்து மௌனப் படம். நாராயணனின் ஜெனரல் பிக்சர்ஸ் எடுத்த 'கோவலன்', ராஜா சாண்டோவின் படங்கள். பிறகு 1931 அக்டோபர் 31-ஆம் தேதி சென்னை கினிமா சென்ட்ரலில் 'காளிதாஸ்' வெளிவருகிறது. பம்பாயில் அர்தேஷிர் இரானியின் கம்பெனி எடுத்தது, எச்.எம்.ரெட்டி டைரக்ஷன். கதாநாயகி ராஜலட்சுமி தமிழ் பேசுகிறாள், எதிரே நிற்பவன் தெலுங்கு பேசுகிறான். நடுவில் தியாகராஜ கீர்த்தனையும் வருகிறது, ராட்டைப் பாட்டும் வருகிறது. ஒழுங்கான சினிமா என்று அதைச் சொல்ல முடியாது. ஆனாலும் படம் பேசத் தொடங்கிய அந்த நிமிஷத்தில் முதலாளிகளுக்குத் தேவைப்பட்டது பாடத் தெரிந்த தொண்டை. மௌனப் படங்களில் பேர் வாங்கிய ஆங்கிலோ-இந்திய நடிகைகளுக்குத் தமிழ் வராது. சங்கரதாஸ் மரபில் பழகிய குரலுக்கு ஒரே நாளில் விலை ஏறியது. 1933-இல் கல்கத்தாவில் எடுத்த 'வள்ளி திருமணம்' ஓடிய ஓட்டத்தில் 'சினிமா ராணி' என்று பட்டம் கொடுத்தார்கள்.

1936-இல் 'மிஸ் கமலா'. 'கமலவல்லி' என்று தாமே எழுதிய நாவலைப் படமாக்கினார். கதை அவர், தயாரிப்பு அவர், நடிப்பு அவர், டைரக்ஷனும் அவர். புராணங்களைத் திருப்பித் திருப்பி எடுத்துக்கொண்டிருந்த காலத்தில் இது ஒரு சமூகக் கதை. அந்த வருஷம் பிறந்த மகளுக்கும் படத்தின் பெயரையே வைத்தார்.

அதே 1936-இல் இன்னொருவரும் தமிழ் டைரக்டர் ஆகிறார். எல்லிஸ் ஆர்.டங்கன். அமெரிக்காவில் சினிமாப் படிப்பு முடித்து, நண்பரோடு இந்தியா வந்தவர். 'சதி லீலாவதி' அவர் எடுத்ததுதான். எம்.ஜி.ஆர். முதலில் தலை காட்டியதும் அதில்தான். டங்கனுக்குத் தமிழ் தெரியாது. கடைசிவரை சரியாக வரவில்லை. அவருடைய தொழில் ஞானத்தை நான் குறைத்துச் சொல்லவில்லை. காமிராவை நாடக மேடையின் முன்னிருந்து நகர்த்திய பெருமை அவருக்கு உண்டு. நான் கேட்பது வேறு. மொழி தெரியாத ஒருவரைக் கூப்பிட்டு நாற்காலியில் உட்காரவைக்க முதலாளிகள் தயாராக இருந்தார்கள். அந்த மொழியில் நாவல் எழுதி, பதினைந்து வருஷம் மேடையிலும் படத்திலும் அடிபட்டு, கூட்டம் சேர்க்கவும் தெரிந்த ஒருத்தியை யாரும் கூப்பிடவில்லை. அவர் ஸ்ரீ ராஜம் டாக்கீஸ் என்று சொந்தக் கம்பெனி தொடங்க வேண்டியிருந்தது. நாற்காலியை விலைக்கு வாங்கினார் என்றே சொல்லவேண்டும்.

'முதல் பெண் டைரக்டர்' என்று நூற்றாண்டு மலர்களில் போடுகிறார்கள். தமிழில் முதல் என்றால் முந்தியது, முதல் என்றால் போட்ட பணமும்தான். இந்த இரண்டாவது அர்த்தத்தை யாரும் படிப்பதில்லை. எங்கள் ஊரையே எடுத்துக்கொள்ளுங்கள். 1950-களின் இறுதியில் காஸ்டிக் சோடா ஆலை வந்ததும், முதல் போட்ட வடநாட்டுக் குடும்பத்தின் பெயர் ஊருக்கு வந்துவிட்டது. பக்கத்துக் கடலில் முத்துக்குளிப்பு கடைசியாக நடந்தது 1961-இல். அதுவரையிலும் மூழ்கி எடுத்தவனுக்குச் சிப்பியில் ஒரு பங்குதான், மிச்சம் சர்க்காருக்கு. முகத்தையும் குரலையும் கொடுத்த நடிகைகள் மூழ்குகிறவர்கள். ராஜலட்சுமி தம் பங்கைச் சேர்த்துவைத்துச் சொந்தப் படகு வாங்கிப் பார்த்தார். அவருக்கு முன்பு பம்பாயில் ஃபாத்மா பேகம் 1926-இல் 'புல்புல்-எ-பரிஸ்தான்' எடுத்ததும் இதே வழியில்தான். நடிகை, பிறகு ஃபாத்மா பிலிம்ஸ், பிறகு டைரக்டர்.

இது நம் நாட்டு விசேஷமல்ல. எல்விரா நோத்தாரி என்ற இத்தாலியப் பெண்ணைப் பற்றி அறிந்தபோதுதான் இந்தக் கட்டுரையின் யோசனையே எனக்கு வந்தது. 1875-இல் பிறந்த அவர் நேபிள்ஸ் துறைமுகத்தில் டோரா பிலிம் என்ற கம்பெனியை நடத்தினார். அவர் டைரக்டர், கணவர் நிக்கோலா காமிரா, மகன் நடிகன். ஏறக்குறைய அறுபது முழுநீளப் படங்கள். நேபிள்ஸ் தெருக்களின் பாட்டு, கொச்சை, வறுமை, பெண்ணின் ஆத்திரம் இவைதான் சரக்கு. கப்பலேறி நியூயார்க் போன இத்தாலியத் தொழிலாளிகள் அந்தப் படங்களை அங்கே வரவழைத்துப் பார்த்தார்கள். முசோலினியின் தணிக்கைக்கு வறுமையும் பிடிக்கவில்லை, வட்டார மொழியும் பிடிக்கவில்லை. பேசும்படம் வந்ததோடு 1930-இல் கடை மூடியது. முழுநீளப் படங்களில் மிஞ்சியவை மூன்று. அவர் 1946-இல் இறந்தார், பிறகு பல பத்தாண்டுகள் அவர் பெயரே யாருக்கும் தெரியாது. பேசும்படம் நோத்தாரியை வெளியே தள்ளிய சமயத்தில்தான் ராஜலட்சுமியை உள்ளே கொண்டுவந்தது. இருவருக்கும் பொது, சொந்தக் கம்பெனி. சொந்தக் கம்பெனி போனால் டைரக்ஷனும் போகும் என்பதும் பொது.

ராஜலட்சுமிக்கும் அப்படித்தான் போயிற்று. 'மதுரை வீரன்' எடுத்தார். தேசிய உணர்ச்சி கொண்ட இன்னொரு படம் வெள்ளைக்காரத் தணிக்கையில் சிக்கியது. கைமுதல் கரைந்தது. நாற்பதுகளில் அவர் ஓரத்துக்கு வந்துவிட்டார். 1961-இல் கலைமாமணி. 1964-இல் மரணம். அவரிடம் தொழில் கற்றுக்கொண்டு அடுத்த பெண் யாரும் வரவில்லை. வரவும் முடியாது. சமையற்கட்டில் ஒருத்தி, ஸ்டூடியோவில் ஒருத்தி என்று பரம்பரை உண்டாக, அவர் நாற்காலியில் இன்னும் பத்து வருஷமாவது உட்கார்ந்திருக்க வேண்டும்.

ஆகவே அடுத்து வந்த பெண்ணும் முதலிலிருந்தே தொடங்கவேண்டியதாயிற்று. பி.பானுமதி 1953-இல் 'சண்டிராணி'யைத் தமிழ், தெலுங்கு, இந்தி மூன்றிலும் எடுத்தார். பின்னால் கணவரோடு சேர்ந்து நடத்திய பரணி பிக்சர்ஸ் இருந்தது. அவர் எழுத்தாளர், இசை தெரிந்தவர், யாருக்கும் தலை வணங்காதவர். எண்பதுகளிலும் டைரக்டராகவே தம்மைக் காட்டிக்கொண்டார். இந்த வரிசையில் தோற்காதவர் அவர் ஒருவர்தான் என்று நினைக்கிறேன்.

சாவித்திரியின் கதை எல்லோருக்கும் தெரியும் என்று நினைக்கிறார்கள். தெரிந்தது குடியும் கடனும் 1981-இல் முடிந்த நீண்ட மயக்கமும்தான். 1968-இல் தெலுங்கில் 'சின்னாரி பாப்பலு' எடுத்தபோது கதை, கலை, இசை என்று முக்கியமான துறைகளில் அவர் பெண்களை வைத்துக்கொண்டார் என்பதும், இசை பி.லீலா என்பதும் எத்தனை பேருக்கு நினைவிருக்கிறது? அதையே தமிழில் 'குழந்தை உள்ளம்' என்று 1969-இல் எடுத்தார். 1971-இல் சொந்தப் பணத்தில் 'பிராப்தம்'. சிவாஜி படகோட்டி. தெலுங்கு 'மூக மனசுலு'வின் மறுபதிப்பு. எனக்குப் பத்து வயது. டூரிங் டாக்கீஸ் மணலில் அம்மாவோடு உட்கார்ந்து பார்த்தேன். டைட்டிலில் டைரக்ஷன் என்று சாவித்திரி பெயர் வந்தபோது அதைப் படித்தவர்கள் யாருமில்லை. முகம் வந்ததும் பெண்கள் பக்கத்திலிருந்து "ஐயோ, எப்படி ஊதிப்போனா பாரு" என்று ஒரு குரல். டைரக்டர் ஊதினால் யாருக்கு என்ன? முகத்தால் வாங்கிய நாற்காலிக்கு முகமே ஜாமீனாக நிற்கவேண்டியிருந்தது. படம் பணத்தைத் தின்றது. பெண்களை வைத்து ஒரு படம் எடுக்கலாம் என்று கண்டுபிடித்த ஆளுக்கு அந்தப் பரிசோதனையைத் தொடர வாய்ப்பில்லாமல் போயிற்று. அது எனக்கு அவருடைய குடியைவிடப் பெரிய விஷயமாகப் படுகிறது.

லட்சுமி 1980-இல் 'மழலைப் பட்டாளம்' எடுத்தார், பாலசந்தரின் மேற்பார்வை என்ற முத்திரையோடு.

வழி சற்றே மாறுவது காமிராப் பக்கத்திலிருந்து. சுஹாசினி சென்னைத் திரைப்படப் பள்ளியில் ஒளிப்பதிவு படித்தவர், அசோக்குமாரிடம் உதவியாளராக இருந்தவர். 1980-இல் 'நெஞ்சத்தைக் கிள்ளாதே' அவரைக் காமிராவுக்குப் பின்னாலிருந்து பிடித்து முன்னால் நிறுத்தியது. படிப்பு இருந்தும் முகம் வழியாகவே சுற்றிக்கொண்டு வர வேண்டியிருந்தது. 'இந்திரா'வுக்குப் பதினைந்து வருஷம் ஆயிற்று, 1995. அசோக்குமாரிடம் பழகிய இன்னொருவர் பி.ஆர்.விஜயலட்சுமி. எங்கள் தூத்துக்குடிக் கப்பலைத் திரைக்குக் கொண்டுவந்த பந்துலுவின் மகள். 1985-இல் 'சின்ன வீடு' மூலம் ஒளிப்பதிவாளரானார். பிறகு 1995-இல் 'பாட்டு பாடவா'. தமிழில் நடிக்காமல் டைரக்டரான பெண்களில் அவரை முன்னால் வைக்கவேண்டும். சினிமாக் குடும்பத்துப் பெண் என்பதையும் சேர்த்தே சொல்லவேண்டும்.

உதவி டைரக்டராக நின்று வேலை கற்றுக்கொண்டு படம் எடுப்பது ஆண்களுக்கு ஐம்பதுகளிலேயே ராஜபாட்டை. பெண்களுக்கு அது 2000-க்குப் பிறகுதான் ஒற்றையடிப் பாதையாகவாவது தெரிய ஆரம்பித்தது. வி.பிரியா, மணிரத்னத்திடம் ஏழு வருஷம் இருந்த சுதா கொங்கரா, மூன்று நான்கு டைரக்டர்களிடம் இருந்துவிட்டுச் 'சில்லுக் கருப்பட்டி' (2019) வரை வந்த ஹலிதா ஷமீம். இவர்கள் முகத்தை விற்று வந்தவர்களல்ல. வேறொரு திசையில் லீனா மணிமேகலை. நம் வாசகர்களுக்குக் கவிஞராகத் தெரிந்தவர். ஆவணப்படங்கள் வழியாக வந்து, இதே கடலின் தனுஷ்கோடி முனையில் 'செங்கடல்' எடுத்தார். தணிக்கை மறுத்து, மேல்முறையீட்டில் 2011-இல் அனுமதி கிடைத்தது. 'மாடத்தி'க்கு ஊரில் கையேந்திப் பணம் திரட்டினார். அது 2019-இல் பூசானில் திரையிடப்பட்டது.

இத்தாலியில் அந்தக் கதவு 1963-இல் திறந்தது. லீனா வெர்ட்முல்லர் ஃபெலினியிடம் உதவியாளராக வேலை பார்த்த கையோடு அந்த வருஷமே சொந்தப் படம் எடுத்தார். சிறந்த டைரக்டருக்கான ஆஸ்கர் பரிந்துரை முதன்முதலாக ஒரு பெண்ணுக்கு 1977-இல் போனதென்றால் அது அவருக்குத்தான். இன்று ஆலிஸ் ரோர்வாக்கர், தேனீ வளர்க்கிறவரின் மகள், நடிகையான அக்காளைத் தம் படங்களில் நடிக்கவைத்துத் தாம் காமிராவுக்குப் பின்னால் நிற்கிறார். 2014-இல் கான் விழாவில் கிராண்ட் பிரீ வாங்கிய படத்தில் வருவதும் தேனீ வளர்க்கும் ஒரு குடும்பம்தான். தன் வீட்டுத் தேன்கூட்டை அப்படியே திரைக்குக் கொண்டுபோகும் சுதந்திரம் நடிகை-முதலாளிக்குக் கிடைப்பதில்லை. ரசிகன் பழகிய முகத்தை அவள் திருப்பிக் கொடுத்தாகவேண்டும்.

'மிஸ் கமலா' அப்படித் திருப்பிக் கொடுத்ததா, இல்லை எதையாவது மீறியதா? இதற்குத்தான் விமர்சகன் பதில் சொல்லவேண்டும். சொல்ல முடியவில்லை. பிரதி இல்லை. 'காளிதாஸ்' பிரதியும் இல்லை. அந்தக் காலத்து நைட்ரேட் சுருள் தானே எரியும், தானே பொடியும். வெள்ளிக்காக உருக்கப்பட்டவையும் உண்டு. பூனாவில் தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகம் தொடங்கிய வருஷம் 1964. ராஜலட்சுமி இறந்த வருஷமும் அதுவே. நோத்தாரிக்கு மூன்று படமாவது எஞ்சியிருக்கிறது. அவற்றை வைத்துக்கொண்டு நல்லது கெட்டது பேசுகிறார்கள், 1993-இல் ஜூலியானா புருனோ ஒரு பெரிய புத்தகமே எழுதினார். நாம் பார்க்காத படத்துக்கு மாலை போடுகிறோம். அவர் சுமாரான டைரக்டராகவே இருந்திருக்கலாம். அதைச் சொல்லும் உரிமையும் நமக்கு இல்லை. முப்பதுகளில் தமிழ்ப் படப் பெட்டிகள் கொழும்புக்கும் பினாங்குக்கும் ரங்கூனுக்கும் போய்க்கொண்டிருந்தன. அங்கேயெல்லாம் யாராவது தேடினார்களா என்று கேட்டுக்கொண்டிருக்கிறேன்.